குரல் பதிவாகாது

"மேடம், கண்ணப் பாருங்க, மூக்கப் பாக்காதீங்க" என்று ரஃபீக் சத்தம் போடுகிறார். நான் மூக்கைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறேன் என்பது அவ்வளவு தூரத்திலிருந்து அவருக்கு எப்படித் தெரிந்ததோ, கேமராவுக்குப் பின்னால் நிற்கிறவர்களுக்கு எல்லாம் தெரியும் போல. மூக்கு பத்திரமான இடம். பரணிதரனின் மூக்கில் இடது பக்கம் சின்னதாக ஒரு அம்மைத் தழும்பு இருக்கிறது, அதைப் பிடித்துக்கொண்டு நின்றால் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நிற்கலாம், கண்தான் கஷ்டம், கண் திருப்பிப் பார்க்கும். இந்த மனிதரை நான் பார்ப்பது இது நாலாவது முறை. பெண் பார்க்க வந்த அன்று, நிச்சயதார்த்தத்தன்று, முகூர்த்தப் புடவை எடுக்கப் போன அன்று, இப்போது. புடவைக் கடையில் இரண்டு அம்மாக்களும் அரக்கு வேண்டுமா மாம்பழ மஞ்சள் வேண்டுமா என்று பேசிக்கொண்டிருந்தபோது இவர் என் பக்கம் குனிந்து "உங்களுக்கு எது பிடிச்சிருக்கு?" என்று கேட்டார், அதுவரை யாரும் கேட்காத கேள்வி, நான் "எதுனாலும் சரிங்க" என்று சொன்னேன், அவர் முகம் லேசாக வாடிவிட்டது, அந்த வாட்டத்தை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு வந்து மூன்று நாள் வைத்துக்கொண்டிருந்தேன். நல்ல மனிதர்தான். ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கார் உதிரிபாகம் செய்கிற கம்பெனியில் தரம் பார்க்கிற வேலை. நல்ல மனிதராக இருப்பதுதான் பயமாக இருக்கிறது. கெட்டவராக இருந்தால் மறைக்கிறோம் என்ற உறுத்தலே இருக்காது, அவர் ஒரு பக்கம் நான் ஒரு பக்கம் என்று போய்விடும்.

"இப்ப சாரோட நெஞ்சுல கை வைங்க மேடம், விரல் தெரியணும், மோதிரம் தெரியணும்." வைக்கிறேன். சட்டைக்குள் அவருடைய இதயம் வேகமாக அடிப்பது கையில் தெரிகிறது, இவருக்கும் பயம்தானா, அல்லது எல்லோருக்கும் இப்படித்தான் அடிக்குமா. வாடகைக்கு எடுத்த இந்த ரோஜா நிற கவுன் எனக்குப் பின்னால் ஒரு ஆள் நீளத்துக்கு மணலில் கிடக்கிறது, ஒவ்வொரு முறை நான் திரும்பும்போதும் பரணிதரனின் அக்கா கலைவாணி அண்ணி ஓடிவந்து அதை விரித்துவிட்டு, என் நெற்றி வேர்வையை ஒற்றிவிட்டு, ஃப்ரேமை விட்டு ஓடிப்போகிறார். இந்த ஷூட் அண்ணியின் ஆசை. அவர் கல்யாணத்தின்போது இதெல்லாம் கிடையாதாம், கல்யாணத்துக்கு முன்னால் மாப்பிள்ளையோடு ஃபோனில் பேசியதற்கே அவர் தாத்தா இரண்டு நாள் சாப்பிடவில்லையாம். சொல்லிவிட்டுச் சிரித்தார், சிரிப்புக்கு நடுவில் எங்கோ பார்த்தார். நடைப்பயிற்சிக்கு வந்தவர்கள் நின்றுவிட்டார்கள். காதில் மஃப்ளர் கட்டிய ஒரு பெரியவர், ஒரே மாதிரி ஷூ போட்ட இரண்டு அம்மாக்கள், வலை உதறிக்கொண்டிருந்த மீனவர்கள் மூன்று பேர், அப்புறம் வேலை ஒன்றும் இல்லாத நாலைந்து இளைஞர்கள். "சினிமாவா?" "இல்லப்பா, கல்யாண ஃபோட்டோ." "பொண்ணு கொஞ்சம் சிரிக்கலாம்." அந்த அம்மாக்களில் ஒருவர் கிட்டே வந்து, "நல்லா இருங்கம்மா, சுத்திப் போடச் சொல்லு" என்று என் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போகிறார். இத்தனை பேர் பார்க்க ஒரு ஆணின் நெஞ்சில் கை வைத்துக்கொண்டு நிற்கிறேன், எனக்கு ஆசீர்வாதம் கிடைக்கிறது.

இருட்டில் காரில் வந்தபோது தெரியவில்லை. ரஃபீக் இடத்தை ஃபோனில் அனுப்பியிருந்தார், நான் திறந்துகூடப் பார்க்கவில்லை, கடற்கரை என்றால் எல்லாம் கடற்கரைதானே. வெளிச்சம் வந்த பிறகு சவுக்குத் தோப்பு தெரிந்தது, பிறகு தோப்பின் ஓரத்தில் பாதி இடிந்த அந்த மதில், அதில் யாரோ எழுதிய பல் டாக்டர் விளம்பரம். வேறு மதிலாக இருக்கலாம் என்று ஒரு நிமிடம் நினைத்துப் பார்த்தேன், எல்லா மதிலிலும் பல் டாக்டர் விளம்பரம் இருக்கலாம், ஆனால் டாக்டர் பெயரில் ஒரு எழுத்து விட்டுப்போயிருக்கும், இரண்டு வருடத்துக்கு முன்னால் என்னோடு இங்கே வந்த எட்வின் அதைச் சொல்லிச் சிரித்தான், அதே எழுத்து அங்கே இல்லை. கிழக்குக் கடற்கரைச் சாலையிலிருந்து எத்தனை இடத்தில் கடலுக்கு இறங்கலாம், ஊரில் வேறு கடலா இல்லை, ரஃபீக்குக்கு இதுதான் கிடைத்தது. வேறு இடம் போகலாம் என்று சொல்லலாமா. ஏன் என்று கேட்பார்கள். காற்று அதிகம் என்று சொல்லலாம். முடி பறப்பது நல்லது என்பார் ரஃபீக். சொல்லாமல் நின்றேன். எதையும் சொல்லாமல் நிற்பதற்கு இரண்டு வருடமாக நல்ல பழக்கம்.

பைக் சத்தம் கேட்டு எல்லோரும் திரும்புகிறார்கள். காக்கி. ஒரு கான்ஸ்டபிள் மணலில் பூட்ஸ் புதையப் புதைய எங்களை நோக்கி வருகிறார். அன்றைக்கு எங்களைப் பிடித்த ஆள் இல்லை, இவர் வயதானவர், நரைத்த மீசை, அவர் சின்ன வயது, இவர் வேறு, வேறு என்று சொல்லிக்கொள்கிறேன், ஆனால் உடம்புக்கு அந்த வித்தியாசம் தெரியவில்லை, பரணிதரனின் நெஞ்சில் இருந்த என் கை தானாகக் கீழே இறங்கிவிட்டது, துப்பட்டாவைத் தேடுகிறது, கவுனுக்கு ஏது துப்பட்டா. "யாரு நீங்கல்லாம்? பர்மிஷன் இருக்கா?" ரஃபீக் கேமராவைப் பின்னால் கொண்டுபோகிறார். பரணிதரன் முன்னால் போய், "கல்யாணத்துக்கு சார், அடுத்த மாசம், சும்மா நாலு ஃபோட்டோ" என்கிறார். கான்ஸ்டபிள் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "வீட்டுக்குத் தெரியுமா?" என்று கேட்கிறார். விளையாட்டாகத்தான் கேட்கிறார். அண்ணி சிரித்தபடி, "நான் மாப்ளையோட அக்கா சார், வீடே இங்கதான் இருக்கு" என்கிறார். அவரும் சிரித்துவிட்டார். "அப்ப சரிம்மா. சீக்கிரம் முடிச்சுக்குங்க. யாராவது தொந்தரவு பண்ணா சொல்லுங்க." திரும்பி அந்த இளைஞர்களைப் பார்த்து, "டேய், இங்க என்ன வேடிக்கை? குடும்பத்துப் பொண்ணு நிக்குது, கெளம்புங்க" என்று விரட்டுகிறார். அவர்கள் போய்விட்டார்கள். எனக்காக விரட்டினார். குடும்பத்துப் பொண்ணு. அன்றைக்கும் நான் அதே குடும்பத்துப் பெண்தான், அதே அப்பா, அதே அம்மா, அதே தெரு.

அன்றைக்கு சாயங்காலம் நாலு மணி இருக்கும், வெயில்கூடத் தாழவில்லை. மதில் நிழலில் உட்கார்ந்து மிளகாய்ப்பொடி தூவின மாங்காய் தின்றுகொண்டிருந்தோம், எட்வினுக்குக் காரம் தாங்காது, கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, நான் துடைத்துவிட்டேன். அவ்வளவுதான். நாங்கள் ஒரே ஆபீஸ், அவன் வீடு ராயபுரம், ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் கிதார் வாசிக்கிறவன். நிழல் ஒன்று விழுந்தது, நிமிர்ந்தால் காக்கி. "என்ன பண்றீங்க? எழுந்திரு. ஐடி காமி. நீ என்ன ஆளுங்க? அவன் என்ன ஆளுங்க?" எட்வின் பேசத் தொடங்கியதும் அவன் சட்டைக் காலரைப் பிடித்தார். அதற்குள் எங்கிருந்தோ பத்துப் பேர். ஒருவன் ஃபோனை உயர்த்திப் பிடித்து வீடியோ எடுத்தான், "மூஞ்சிய காட்டும்மா, பண்ணும்போது வெக்கம் இல்ல, இப்ப மட்டும் மூடுறியே" என்றான். என்ன பண்ணினேன், மாங்காய் தின்றேன். மஞ்சள் துப்பட்டாவை முகத்தில் சுற்றிக்கொண்டேன், அதற்குள் எவ்வளவு பதிவாகியிருக்குமோ தெரியாது, அரை முகமா, முழு முகமா, அதுதான் எனக்கு இன்றுவரை தெரியாத விஷயம். தினமும் படுத்த பிறகு தேடியிருக்கிறேன். கடற்கரை, காதல் ஜோடி, சிக்கிய, விரட்டிய, இப்படி என்னென்னவோ வார்த்தை போட்டுத் தேடினால் எத்தனை எத்தனை பெண்கள் முகத்தை மூடிக்கொண்டு ஓடுகிறார்கள், சிவப்புத் துப்பட்டா, நீலத் துப்பட்டா, கைப்பை, புத்தகம், ஒருத்தி தன் முடியாலேயே மூடிக்கொண்டிருந்தாள். என்னைக் காணவில்லை. காணாதது நிம்மதி இல்லை. இன்னும் எங்கேயோ இருக்கிறது என்றுதான் தோன்றும்.

எங்களை ஸ்டேஷனுக்குக் கொண்டுபோய் வைத்துக்கொண்டு வீட்டுக்குச் சொன்னார்கள். அப்பா வேலையிலிருந்து நேராக வந்தார், தோளில் சாப்பாட்டுப் பை. அவர் வயதில் பாதி இருக்கும் ஒரு எஸ்.ஐ. முன்னால் நின்று இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிட்டார். என் அப்பா சாமியைத் தவிர யாரையும் கும்பிட்டு நான் பார்த்ததில்லை. என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. ஆட்டோவில் வரும்போது வெளியே பார்த்துக்கொண்டே வந்தார். ஒரு வாரம் கழித்து எட்வின் வீட்டுக்கு வந்தான், அவனாக, தனியாக, நல்ல சட்டை போட்டுக்கொண்டு. அப்பா அவனை உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். நான் உள் அறையில் கதவுக்குப் பின்னால் நின்றேன். "தம்பி, உங்களப் பத்தித் தப்பா ஒன்னும் சொல்லல. எனக்கு இன்னொரு பொண்ணு இருக்கு" என்றார் அப்பா. அவ்வளவுதான் சொன்னார். எட்வின் தண்ணீரைக் குடித்தான், "வரேன் சார்" என்று எழுந்து போனான். சண்டை போட்டிருந்தால் நான் கதவைத் திறந்திருப்பேனோ என்னவோ. அவன் இப்போது மஸ்கட்டில் இருக்கிறான் என்று ஆபீஸில் சொன்னார்கள். அவன் மேல் இப்போது ஆசை இருக்கிறதா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன், இல்லை, உண்மையாகவே இல்லை, அவன் முகம்கூட கொஞ்சம் மங்கிவிட்டது, மங்காமல் இருப்பது அந்த ஃபோன்தான், என் முகத்துக்கு நேராக நீண்ட அந்தக் கறுப்புச் சதுரம். அம்மா நிச்சயத்துக்கு முதல் நாள் என் தலையைப் பின்னிக்கொண்டே சொன்னாள், "ஒரு வார்த்த உன் வாயிலருந்து வரக்கூடாது. நந்தினிய நெனச்சுக்கோ." நந்தினி என் தங்கை, கல்லூரி இரண்டாம் வருடம், பாவம், அவளுக்கே தெரியாமல் அவள் பெயரை வைத்து எத்தனை கதவைச் சாத்தியாயிற்று.

"குளிருதா?" பரணிதரன்தான் கேட்கிறார். "இல்லையே." "கை சில்லுன்னு இருக்கு. அந்தப் போலீஸ் வந்ததுலருந்து." தரம் பார்க்கிற வேலை, கண்ணுக்குத் தெரியாத விரிசலைத் தேடுகிற கண். ரஃபீக் இதுவரை எடுத்ததை அண்ணிக்குக் காட்டிக்கொண்டிருக்கிறார், "பாருங்கக்கா, மேடம் கண்ணுல ஒரு சோகம் இருக்கு, அது ஸ்க்ரீன்ல செமயா வருது. நாளைக்கே ஒரு டீசர் வெட்டி எங்க பேஜ்ல போட்டுர்றேன், ரெண்டு பேர் பேரையும் டேக் பண்ணிடுவேன், ரீச் சும்மா லட்சத்தத் தாண்டும்." அண்ணி, "போடுங்க போடுங்க, எங்க சொந்தக்காரங்க எல்லாம் பாக்கட்டும்" என்கிறார். லட்சம் பேர். அந்த லட்சத்தில் ஒருவன் போதும். ஃபோனை நீட்டின அந்தக் கை இந்த ஊரில்தான் எங்கேயோ இருக்கிறது, அதில் இன்னும் அந்த வீடியோ இருக்கலாம், அவன் என் முகத்தைப் பெரிதாக்கிப் பார்த்துவிட்டு, இந்தப் பொண்ண எங்கயோ பாத்திருக்கேனே என்று கீழே எழுதினால் போதும், பிறகு அதை மாமியார் பார்ப்பார், மண்டபம் பார்க்கும், இவர் பார்ப்பார். அதிலிருந்து இவருக்குத் தெரிவதா. யாரோ ஒருவனின் வாயிலிருந்து, யாரோ ஒருவன் வைத்த தலைப்போடு. என் கதை அவன் வார்த்தையில். நந்தினிய நெனச்சுக்கோ. நினைக்கிறேன் அம்மா, நினைத்துக்கொண்டேதான் இருக்கிறேன், நாளைக்கு நந்தினி ஒரு மதில் நிழலில் உட்கார்ந்தால் அவளும் இப்படித்தான் இரண்டு வருடம் இருட்டில் தேடிக்கொண்டிருக்க வேண்டுமா.

ரஃபீக் ஒரு பெட்டியைத் திறந்து ட்ரோனை எடுத்து மணலில் வைக்கிறார். வண்டு மாதிரி இரைந்துகொண்டு மேலே போகிறது. "சார், மேடம், ரெண்டு பேரும் கைய கோத்துக்கிட்டு தண்ணி ஓரமா அந்தப் பக்கம் நேரா நடந்துக்கிட்டே இருங்க. திரும்பிப் பாக்கக் கூடாது. பேசிக்கிட்டே போங்க, வாய் அசஞ்சாதான் நேச்சுரலா இருக்கும். ஏபிசிடி சொன்னாக்கூடப் போதும், ஆடியோ கிடையாது, யாருக்கும் கேக்காது." நடக்கிறோம். ஈர மணல் காலுக்கடியில் இறுகி விலகுகிறது. அண்ணி பின்தங்கிவிட்டார், நடைப்பயிற்சிக்காரர்கள் பின்தங்கிவிட்டார்கள். நிச்சயமான நாளிலிருந்து யாரும் எங்களைத் தனியாக விட்டதில்லை, ஃபோனில் பேசினால்கூட அம்மா அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடுவில் நின்றுகொள்வாள். இப்போது தலைக்கு மேல் ஒரு கண் இருக்கிறது, ஆனால் காது இல்லை.

"என்ன பேசலாம்?" என்றார் பரணிதரன். "ஒன்னு ரெண்டு சொல்லட்டுமா?"

"நான் ஒன்னு சொல்லணும்" என்றேன். குரல் எனக்கே வேறு யாருடையதோ போல இருந்தது. "மன்னிப்பு கேக்கறதுக்காகச் சொல்லல. உங்களுக்கு என் வாயால தெரியணும், அதான்."

சொன்னேன். எட்வின் பெயரைச் சொன்னேன். மதிலைச் சொன்னேன், மாங்காயைச் சொன்னேன், காலர், ஃபோன், துப்பட்டா, ஸ்டேஷன், அப்பாவின் கும்பிடு. அழுகை வரும் என்று நினைத்தேன், வரவில்லை, ஒரு பாரத்தை ஒவ்வொன்றாக இறக்கி வைக்கிற மாதிரி வரிசையாக வந்தது. "அந்த வீடியோ எங்கயாவது இருக்கும். இன்னைக்கு இல்லன்னாலும் ஒரு நாள் வரும். ரஃபீக் இத போட்டா நாளைக்கேகூட வரலாம்."

அவர் நின்றுவிட்டார். கை என் கையிலிருந்து விலகியது. பின்னால் ரஃபீக், "சார், நிக்காதீங்க! நடங்க சார்!" என்று கத்தினார். போச்சு என்று நினைத்தேன். மண்டபம் போச்சு, பத்திரிகை போச்சு, அப்பா இனி யாரிடம் எப்படிச் சொல்வார். விசித்திரமாக, அந்த நேரத்தில் மூச்சு நன்றாக வந்தது.

அவர் மறுபடி நடந்தார். கை கோக்கவில்லை. கொஞ்ச தூரம் போன பிறகு, கடலைப் பார்த்தபடி, "எங்க கம்பெனி பசங்க குரூப்ல அந்த மாதிரி வீடியோ வரும்" என்றார்.

நான் காத்திருந்தேன்.

"கேன்டீன்ல உக்காந்து பாப்போம். நானும் பாத்திருக்கேன். சிரிச்சிருக்கேன் மோகனா. ஒரு தடவ வேற குரூப்புக்கு அனுப்பிக்கூட இருக்கேன். பச்சத் துப்பட்டா போட்ட ஒரு பொண்ணு. அழுதுக்கிட்டே, அண்ணா வேணாம்ணா, வேணாம்ணான்னு கேட்டுக்கிட்டே ஓடும். இப்பகூட ஞாபகம் இருக்கு. அது... அது நீங்களா?"

"இல்ல. என்னுது மஞ்சள்."

அவர் மூச்சை விட்டார். நானும் விட்டேன். உடனே அந்தப் பெண் எங்களுக்கு நடுவில் வந்து நின்றுகொண்டாள். அவள் பெயர் தெரியாது. அவளும் எங்கோ ஒரு வீட்டில் தலை பின்னிக்கொண்டிருப்பாள், அவளிடமும் ஒரு வார்த்த வெளிய வரக்கூடாது என்று யாராவது சொல்லியிருப்பார்கள், நான் இல்லை என்றதும் எனக்கு நிம்மதி வந்ததே, அது என்ன நிம்மதி. பக்கத்தில் நடக்கிற இந்த மனிதரை முதல்முறையாக முழுசாகப் பார்த்தேன். நெற்றியில் வேர்வை, காது மடல் சிவந்திருக்கிறது. நல்ல மனிதர். கேன்டீனில் உட்கார்ந்து சிரித்த நல்ல மனிதர். ஃபோனை நீட்டினவன் ஒருத்தன்தான் என்றல்லவா இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன், அவனை மட்டும் தேடினேன், பார்த்தவர்களை எண்ணவே இல்லை. இவர் இதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம், எனக்கு எப்படித் தெரியும், மன்னித்தவராக, பெரிய மனசுக்காரராக, இப்படியே கல்யாணம் முடிந்திருக்கும், ஆயுசு முழுக்க நான் அந்தக் கடனில் இருந்திருப்பேன்.

"நீங்க சொன்னதுல எனக்கு ஒன்னும் இல்ல" என்றார். "காதலிச்சது உங்க விஷயம். ஆனா நான் சொன்னது... அது உங்களுக்குப் பெரிசா இருக்கும்னு தெரியுது. என்ன செய்யணும்னு நீங்க சொல்லுங்க. வேணாம்னாலும் சொல்லுங்க. எங்க வீட்டுல நான் பேசிக்கிறேன், பழிய உங்க மேல வர விடமாட்டேன்."

பெண் பார்க்க வந்த அன்று இவர் வீட்டார் பஜ்ஜி சாப்பிட்டு எழுந்தபோது, நானும் அப்பாவும் அம்மாவும் அவர்கள் வாயையே பார்த்துக்கொண்டு நின்றோம். இதற்கு முன் வந்துபோன இரண்டு வீட்டார் வாயையும் அப்படித்தான் பார்த்தோம். என் வாயை ஒருவர் பார்த்துக்கொண்டு நிற்பது எனக்குப் பழக்கமில்லை.

"யோசிச்சுச் சொல்றேன்" என்றேன்.

"சரிங்க" என்றார். அவ்வளவுதான். இன்னும் கொஞ்ச தூரம் அப்படியே நடந்தோம், ஒரு கை இடைவெளியில். அலை ஒன்று ஏறிவந்து கவுனின் வாலை நனைத்தது, அதைத் தூக்கிப் பிடிக்க அவர் குனிந்தார், பிறகு என்னைப் பார்த்து, பிடிக்கலாமா என்பது போல நின்றார். நானே சுருட்டி எடுத்துக்கொண்டேன்.

திரும்பி வந்தபோது ட்ரோன் இறங்கிவிட்டிருந்தது. ரஃபீக்குக்கு வருத்தம், "கைய விட்டுட்டீங்களே சார், பரவால்ல, முன்னாடி வந்ததே போதும், அப்படியே காவியம் மாதிரி இருக்கு. இன்னைக்கு சாயங்காலமே போட்டுர்றேன்."

"போடாதீங்க" என்றார் பரணிதரன். "எங்கயும் போடக்கூடாது. அவங்க சொல்ற வரைக்கும் உங்ககிட்டயே இருக்கட்டும்."

அண்ணி கையில் பவுடர் டப்பாவோடு எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். அவர் தம்பியிடம் கேட்கவில்லை. என் பக்கத்தில் வந்து, நனைந்த கவுனின் ஒரு முனையை வாங்கிப் பிழிந்துகொண்டே, தணிந்த குரலில், "அவ்ளோ நேரம் என்னம்மா பேசினீங்க?" என்றார்.

"கல்யாணத்தப் பத்திதான் அண்ணி" என்றேன். "இன்னும் பேசி முடியல."